ஆறு வினாடி: செட்டிநாட்டில் ஓர் ஆவணப்படமும் ஒரு சாமான் பட்டியலும்

இது காரைக்குடியிலும் அதை ஒட்டிய ஊர்களிலும் 2022 ஆகஸ்டு முதல் 2024 டிசம்பர் வரை நடந்தது. பழைய பொருட்களைச் சேர்க்கும் எட்டுப் பேரைப் பற்றிய ஓர் ஆவணப்படத்துக்கு நான் உள்ளூர் ஒருங்கிணைப்பாளராக வேலை பார்த்தேன். இடம் பார்ப்பது, ஆட்களிடம் பேசி வைப்பது, அனுமதி வாங்குவது, வண்டி, சாப்பாடு எல்லாம் என் பொறுப்பு. ஆகவே கீழே வரும் பிழைகளில் என் பங்கும் உண்டு. சம்பந்தப்பட்டவர்களிடம் இதை எழுதலாமா என்று கேட்டேன். ஒருவர் மட்டும் பதில் சொல்லவில்லை. அவரைப் பற்றி எழுதாமல் தீராத அளவுக்கு மட்டுமே எழுதியிருக்கிறேன். ஊரின் பெயரையும் வீட்டின் விலாசத்தையும் விட்டுவிட்டேன்.

இயக்குநர்

அவர் சென்னைக்காரர், முப்பத்தைந்து வயதிருக்கும். ஊர் கண்டுகொள்ளாத சிறு கூட்டங்களின் மேல் அவருக்கு ஈர்ப்பு. முதல் படம் வடசென்னையில் பந்தயப் புறா வளர்ப்பவர்களைப் பற்றியது. அடுத்தது, சிற்றலை வானொலி கேட்டு, நிலையங்களுக்குக் கடிதம் போட்டு, அவை அனுப்பும் அத்தாட்சி அட்டைகளைச் சேர்ப்பவர்களைப் பற்றியது. இரண்டிலும் அவர் கேள்வி கேட்டது குறைவு, கூட இருந்தது அதிகம். புறா திரும்பும்வரை அவரும் மொட்டைமாடியில் அண்ணாந்து நிற்பார். அந்தப் பொறுமை எனக்குப் பிடித்திருந்தது. இன்றும் பிடித்திருக்கிறது.

ஒரு கல்யாணத்துக்காகக் காரைக்குடி வந்தபோது, இறங்கிய விடுதியின் கூடத்தில் அலங்காரத்துக்கு வைத்திருந்த எனாமல் அடுக்குத் தூக்கு ஒன்றைப் பார்த்து, அவரை அழைத்து வந்த ஆட்டோ ஓட்டுநர், "இது சுவீடன் சாமான் மேடம், பக்கத்துல இருக்குறது ஜப்பான். விளிம்பப் பாத்தாலே தெரியும்" என்றிருக்கிறார். எப்படித் தெரியும் என்று கேட்டதற்கு, "ஞாயித்துக்கிழமை வாங்க, எங்க செட்டு ஆளுங்களப் பாக்கலாம்" என்றாராம். படம் அங்கே பிறந்தது.

வீடு, புள்ளி, விலாசம்

என் அப்பா தச்சர். செட்டிநாட்டு வீடுகளில் நாற்பது வருடம் வேலை பார்த்தவர். ஒரு நிலைக்கதவுக்குக் கீல் மாற்ற ஏழு பேரைக் கேட்க வேண்டியிருந்த வீடுகளை விரல் விட்டு எண்ணுவார். பார்க்க வருகிறவர்களின் கண்ணில் படுவது பர்மாத் தேக்குத் தூணும் ஆத்தங்குடித் தளமும் பெல்ஜியம் கண்ணாடியும். யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரிய உத்தேசப் பட்டியலில் செட்டிநாட்டு ஊர்த் தொகுதிகள் 2014ல் சேர்ந்தபோதும் பேச்சு கட்டடங்களைப் பற்றியே இருந்தது. உள்ளே இருப்பது ஒரு பங்குக் கணக்கு.

முகப்பைத் தாண்டினால் வளவு, நடுவே முற்றம், சுற்றிலும் அறைகள். கல்யாணமான ஒவ்வொரு மகனும் ஒரு புள்ளி. அந்தப் புள்ளிக்கு என்று ஓர் அறை. மருமகள் கொண்டுவந்த சீர்ச் சாமான் அந்த அறையில் இருக்கும். வெண்கலப் பானை, பித்தளை அண்டா, பர்மா அரக்குப் பெட்டி, ஊறுகாய் மங்கு, எனாமல் தூக்கு என்று தலைமுறைக்கும் எடுத்துப் புழங்கித் தீராத அளவுக்குச் சாமான். உலோகப் பாத்திரங்களில் குடும்பத்தின் விலாசம் வெட்டியிருக்கும். விலாசம் என்பது தாத்தா, அப்பா பெயர்களின் முன்னெழுத்து வரிசை. தெரிந்தவர்களுக்கு அந்த நாலைந்து எழுத்துகள் போதும், எந்த ஊர், எந்தக் கோவில், எந்த வளவு என்று சொல்லிவிடுவார்கள்.

இந்த வீடுகளுக்குச் சொந்தக்காரர்களான நகரத்தார், அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள், பர்மாவில் வட்டித் தொழில் செய்தவர்கள். அங்கே 1942ல் ஜப்பான் படை நுழைந்தபோது பலருடைய வரவு நின்றது. 1962க்குப் பிறகு அங்கே வந்த அரசுடைமையில் மிச்சமும் போனது. பிள்ளைகள் சென்னை, கோவை, சிங்கப்பூர் என்று போய்விட்டார்கள். வீடுகள் பூட்டியிருக்கின்றன. கல்யாணத்துக்கும் படைப்புக்கும் திறக்கும். படைப்பு என்பது வீட்டு முன்னோர்களுக்குப் பங்காளிகள் கூடிச் செய்வது. மற்ற நாட்களில் சாவி உள்ளூரில் ஒருவர் கையில் இருக்கும். இந்த நிகழ்வில் வரும் வீட்டின் சாவி, அதே தெருக்கோடியில் இருக்கும் ஒரு அம்மாவிடம் இருந்தது. முப்பத்தொரு வருடமாக அவர்தான் வளவைக் கூட்டி, வெள்ளிக்கிழமை விளக்கேற்றி, மழைக்கு முன்னால் முற்றத்து வடிகாலைக் குத்திவிடுவார்.

ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம்

எட்டுப் பேர். ஆட்டோ ஓட்டுநர், ஓய்வுபெற்ற வங்கி எழுத்தர், ஆத்தங்குடிக் கல் போடும் ஒருவர், சமையல் காண்ட்ராக்ட் எடுப்பவர், ஓவிய ஆசிரியர், மின்வேலைக்காரர், ஜவுளிக்கடை விற்பனையாளர், கணக்கு எழுதிப் பிழைத்த குடும்பத்திலிருந்து வந்த ஒரு பெரியவர். பழைய பொருட்களுக்குப் பேர்போன முனீஸ்வரன் கோவில் தெருவில் கடை வைத்திருப்பவர்கள் இவர்களில் யாரும் இல்லை. அங்கே நடப்பது வியாபாரம். இவர்கள் சம்பளத்தில் மிச்சம் பிடித்து வாங்கி, வீட்டில் பெண்டாட்டியிடம் பேச்சு வாங்கிக்கொண்டு, கட்டிலுக்கு அடியில் அடுக்கி வைப்பவர்கள். ஒருவர் எனாமல் மட்டும். ஒருவர் தீப்பெட்டிச் சீட்டும் துணி பேல்களில் ஒட்டி வந்த வண்ணச் சீட்டும். பெரியவர் தாள் மட்டும்: பேரேடு, கல்யாணப் பத்திரிகை, கடிதம், சாமான் பட்டியல்.

தாள் சேர்ப்பதற்கு எங்கள் பக்கம் பெரிய முன்னோடி உண்டு. காரைக்குடியை அடுத்த கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் புத்தகம், பத்திரிகை, நாடக நோட்டீஸ், அழைப்பிதழ் என்று கைக்குக் கிடைத்த அச்சுத்தாளை எல்லாம் சேர்த்தார். 1992ல் அவர் காலமான பின், அந்தச் சேகரிப்பு சென்னையில் ஆய்வு நூலகமாக நிற்கிறது. அதே கோட்டையூர்க்காரர்தான் ஏ.கே. செட்டியார், நாடு நாடாக அலைந்து காந்தியைப் பற்றிய படச்சுருள்களைத் திரட்டி 1940ல் ஆவணப்படமாக்கியவர். ஒருவர் தாளைத் தேடினார், ஒருவர் சுருளைத் தேடினார். எங்கள் இயக்குநர் முதல் நாளே கோட்டையூருக்குப் போக வேண்டும் என்றார். போய்த் தெருவில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தோம்.

பெரியவரின் தாத்தா ஒரு செட்டியார் கடையில் கணக்குப்பிள்ளை. அவரிடம் இவர் தமிழ் எண் படித்தவர். ௰௨ என்று இருந்தால் நமக்குச் சித்திரம், அவருக்கு 12. அரைக்கால், மாகாணி என்று பின்ன எழுத்துகளையும் நிறுத்தாமல் வாசிப்பார். உடைக்கிற வீடுகளிலிருந்து இந்தத் தாள்கள் எடைக்குப் போவதைப் பார்த்துப் பொறுக்காமல் வாங்க ஆரம்பித்ததாகச் சொன்னார். பெரியவர் இல்லையென்றால் அவர் வைத்திருக்கும் கட்டுகளில் பாதி கடலை மடிக்கப் போயிருக்கும். இதை நான் முதலிலேயே சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் பின்னால் அவரைத் திருடன் என்றார்கள்.

அந்தக் கூட்டத்துக்கு ஒரு விதி இருந்தது. ஒரு பொருளை யார் கொண்டு வந்தாலும், என்ன விலை என்று கேட்கலாம், எந்த நாடு, எந்தக் காலம் என்று சண்டை போடலாம். எந்த வீடு என்று மட்டும் கேட்கக் கூடாது. இயக்குநருக்கு இந்த விதி மிகவும் பிடித்துப்போனது. இது சேகரிப்பாளர்களின் தொழில் ரகசியம், தங்கள் ஊற்றுக்கண்ணை மறைக்கிறார்கள் என்று குறிப்பேட்டில் எழுதினார். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

படப்பிடிப்பில் கவனித்தவை

2022 செப்டம்பர் முதல் 2023 மார்ச் வரை ஆறு தடவையாக 41 நாட்கள் எடுத்தோம். சிறிய கேமரா ஒன்று, காலர் மைக் இரண்டு. எட்டுப் பேரிடமும் இசைவுப் படிவத்தில் கையெழுத்து வாங்கினோம். தமிழில் எழுதி, வாசித்துக் காட்டித்தான் வாங்கினோம். அதில் குறை சொல்ல முடியாது.

மூன்றாவது தடவையில் பெரியவர் புதிதாக வந்த ஒரு கட்டை அவிழ்த்தார். அதில் ஓர் இசைகுடிமானம் இருந்தது. நகரத்தார் கல்யாணத்தில் இரு வீட்டாரும் இசைந்து எழுதிக்கொள்ளும் பத்திரம் அது. ஆங்கிரச வருடம் ஆவணி என்று போட்டிருந்தது, அதாவது 1932. அதோடு, அந்தக் கல்யாணத்துக்குப் பெண் வீட்டார் வைத்த சாமான்களின் பட்டியல் பதினோரு பக்கத்துக்கு, மேலே விலாசத்துடன். சாய்ந்த கையெழுத்து, வரிக்கு வரி தமிழ் எண். ஜன்னல் வெளிச்சம் பக்கத்தின் மேல் விழுந்துகொண்டிருந்தது. இயக்குநர் மேலிருந்து நெருக்கமாக எடுத்தார். பெரியவரின் விரல் வரிகளின் மேல் மெதுவாக இறங்கும்.

அன்று மாலை நான் இயக்குநரிடம் ஒரு சந்தேகம் கேட்டேன்: "விலாசம் தெரியுதே, பரவாயில்லையா?" அவர் சொன்னார், "எழுத்தே படமாத்தான் தெரியுது. இத இன்னைக்கு யாரு படிக்கப் போறா?" சரிதான் என்று விட்டுவிட்டேன். இந்த ஊரில் பிறந்த நான் அப்படி விட்டிருக்கக் கூடாது.

இன்னொன்றும் அன்று நடந்தது. டீ வந்த நேரத்தில் கேமராவை இறக்கிவிட்டோம். பெரியவரின் சட்டையில் மைக் ஓடிக்கொண்டிருந்தது. ஓவிய ஆசிரியரிடம் அவர் தணிந்த குரலில், இந்தக் கட்டையும் ஒரு வெண்கலப் பானையையும் விற்றவர் அந்த வீட்டுப் பங்காளிகளில் ஒருவர்தான், மனைவியின் வைத்தியச் செலவுக்காகக் கொடுத்தார், விலை பேசவே கூசினார் என்று சொல்லியிருக்கிறார். பெயரும் சொல்லியிருக்கிறார். நாங்கள் அதைப் படத்தொகுப்பில் உட்காரும் வரை கேட்கவில்லை.

முன்னோட்டம் வெளியான வாரம்

2023 ஜூன் 10, சனிக்கிழமை, இரண்டரை நிமிட முன்னோட்டத்தை யூடியூபில் ஏற்றினோம். அதில் அந்தப் பட்டியல் பக்கம் ஆறு வினாடி வருகிறது.

திங்கட்கிழமை, சென்னையில் 84 வயது ஆச்சி ஒருவருக்கு அவருடைய பேத்தி, "நம்ம ஊரு வீடியோ" என்று காட்டியிருக்கிறாள். ஆச்சி அந்த இடத்தில் நிறுத்தச் சொல்லியிருக்கிறார். விலாசத்தைப் பார்த்திருக்கிறார். பிறகு அந்தப் பக்கத்தில் தெரிந்த பன்னிரண்டு வரியையும் தமிழ் எண்ணோடு வாய்விட்டு வாசித்திருக்கிறார். "இது எங்க ஆத்தா சாமான்" என்றாராம். 1932ல் கல்யாணமானது அவருடைய தாயாருக்கு.

அன்று இரவே அந்தப் பக்கத்தின் படம் வீட்டுப் பங்காளிகளின் வாட்ஸ்அப் குழுவில் வந்துவிட்டது. யார் கொடுத்தது என்ற கேள்வி முதலில். அடுத்த கேள்விதான் பெரியது: பட்டியல் வெளியே போயிருக்கிறது என்றால் சாமான்? பன்னிரண்டு வரியைத் தமிழ் எண்ணிலிருந்து மாற்றி ஆச்சி சொல்லச் சொல்ல யாரோ தட்டச்சு செய்து குழுவில் போட்டார்கள். புதன்கிழமை மதுரையிலிருந்து ஒருவர் வந்து, சாவி வாங்கி, அறையைத் திறந்து அந்தப் பன்னிரண்டு வரியையும் வைத்துக்கொண்டு எண்ணினார். நாலு வரிகளில் குறைந்தது.

அந்த அறையை அதற்கு முன் யாரும் எண்ணியதில்லை. எண்ணுவதற்குப் பட்டியல் யாரிடமும் இல்லை. நாங்கள்தான் கொடுத்தோம்.

சந்தேகம் யார் மேல் விழும்? சாவி வைத்திருந்த அம்மாவின் மேல் விழுந்தது. வெள்ளிக்கிழமை நாலு பேர் அவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து கேட்டிருக்கிறார்கள். அதட்டவில்லை, மரியாதையாகத்தான் கேட்டோம் என்று அவர்கள் பிற்பாடு என்னிடம் சொன்னார்கள். அது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் அந்தத் தெருவில் நாலு பேர் ஒரு வீட்டுத் திண்ணையில் அரைமணி நேரம் உட்கார்ந்தால் எதிர்வீட்டுக்குக் காரணம் தெரிந்துவிடும். அவர் உள்ளே போய்ச் சாவிக்கொத்தைக் கொண்டுவந்து, "இந்தாங்கய்யா, எண்ணிக்கங்க" என்று கொடுத்திருக்கிறார்.

எடுத்த முடிவுகளும் காரணமும்

எங்களுக்குச் செய்தி வந்தது சனிக்கிழமை, ஆட்டோ ஓட்டுநர் மூலமாக. முதலில் தோன்றியது விலாசத்தை மங்கலாக்குவது. படத்தொகுப்பாளர் ஒரு மணி நேரத்தில் செய்து அனுப்பினார். ஏற்றுவதற்கு முன் பெரியவருக்குக் காட்டினோம். அவர் மறுத்துவிட்டார். "மங்கலாக்கி வச்சா பாக்குறவன் என்ன நெனப்பான்? திருட்டுச் சாமான்னுதான நெனப்பான்? நான் காசு குடுத்து வாங்குனேன் தங்கச்சி." அவர் சொன்னது சரி. அந்த ஆறு வினாடியை அப்படியே விட்டால் வீட்டாருக்குக் கேடு. மறைத்தால் பெரியவருக்குக் கேடு. ஆகவே முன்னோட்டத்தையே எடுத்துவிட்டோம். அதற்குள் அது எத்தனையோ கைபேசிகளுக்குப் போயிருந்தது. எடுத்ததால் எதுவும் அணையவில்லை. இனி எங்கள் பக்கத்திலிருந்து பரவாது என்பதற்காக மட்டுமே எடுத்தோம்.

அடுத்தது கடினமானது. பங்காளிகள் தரப்பில் ஒருவர் இயக்குநரிடம் பேசி, எடுத்த காட்சிகள் முழுவதையும் கேட்டார். கொடுக்காவிட்டால் காவல் நிலையத்தில் புகார் என்றார். எங்களிடம் விற்றவரின் பெயர் ஒலியாக இருந்தது. அதைக் கொடுத்தால் சாவி வைத்திருந்த அம்மா அந்த நிமிடமே விடுபடுவார், விற்றவர் அகப்படுவார், பெரியவரின் நம்பிக்கை போகும். அழித்துவிடலாம் என்று நான் சொன்னேன். இயக்குநர் மதுரையில் ஒரு வழக்கறிஞரிடம் கேட்டார். புகார் வரக்கூடும் என்று தெரிந்த பிறகு பதிவை அழிப்பது பெரிய தவறாகிவிடும், மூடி வையுங்கள், நீதிமன்றம் கேட்டால் மட்டும் கொடுங்கள் என்று அவர் சொன்னார். பிரிக்காத குடும்பப் பொருளைப் பங்காளிகளில் ஒருவர் விற்றதைத் திருட்டு என்று சுலபமாகச் சொல்லிவிட முடியாது என்றும் சொன்னார். 1972ம் ஆண்டின் தொல்பொருள், கலைக்கருவூலச் சட்டத்தையும் எடுத்து விளக்கினார். அதன்படி பொதுவாக நூறு ஆண்டு கடந்த பொருட்களும், அறிவியல், வரலாறு, இலக்கியம், கலை மதிப்புள்ள 75 ஆண்டு கடந்த கையெழுத்துப் படிகளும் தொல்பொருள் வரையறைக்குள் வரும். எங்கள் பெரியவர் வியாபாரி இல்லை என்றாலும், ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் யாரும் அந்தச் சட்டத்தைப் பற்றி ஒருநாளும் பேசியதில்லை.

ஒலியை மூடி வைத்தோம். பெரியவரிடம் மட்டும், உங்கள் பேச்சு மைக்கில் பதிந்திருக்கிறது என்று சொன்னோம். இயக்குநர் நேரில் போய்ச் சொன்னார். அவர் ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு கேட்டது ஒன்றுதான்: "அந்த அம்மாவையா கேட்டாங்க?"

அன்றுதான் எங்களுக்கு அந்த விதி புரிந்தது. எந்த வீடு என்று கேட்காதது விற்பவரின் மானத்துக்காக. இல்லாமை வந்து பாட்டியின் பானையைத் துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு சந்து வழியாக வருகிற மனிதரின் முகத்தை அந்த எட்டுப் பேரும் பார்த்திருக்கிறார்கள். அவர்கள் யாரும் கேட்டதில்லை. நாங்களும் கேட்கவில்லை. ஆனால் பதிலை ஊருக்குக் காட்டிவிட்டோம்.

பெரியவர் விற்றவரிடம் போனார். என்ன பேசினார்கள் என்பது தெரியாது, கேட்கவும் இல்லை. ஜூன் 21 அன்று, புதன்கிழமை, விற்றவரே மூத்த பங்காளியைப் பார்த்துச் சொல்லிவிட்டார். சாவி வைத்திருந்த அம்மாவுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, அவர் ஊரில் இல்லாத நாளில் சாவியை வீட்டு ஆளிடமிருந்து நான் வாங்கினேன் என்றார். ஆச்சி அவருக்கு அத்தை முறை. அத்தையிடம் நேரில் சொல்ல முடியவில்லை, நீங்கள் சொல்லிவிடுங்கள் என்று கேட்டுக்கொண்டாராம். புகார் எதுவும் போகவில்லை.

பின்னர் நடந்தது

பட்டியலையும் இசைகுடிமானத்தையும் பெரியவர் ஜூலையில் சென்னைக்குப் போய் ஆச்சியின் கையில் கொடுத்தார். நானும் உடன் போனேன். இயக்குநர் கேமரா கொண்டுவரலாமா என்று முன்கூட்டியே கேட்டார், ஆச்சி வேண்டாம் என்றுவிட்டார். பதினோரு பக்கத்தையும் இருவரும் சேர்ந்து வாசித்தார்கள். கையெழுத்து ஆச்சியின் தாய்வழி ஐயா, அதாவது தாத்தா, வீட்டுக் கணக்கரின் கையெழுத்தாம். ஓரிடத்தில் பெரியவர் தடுமாற, ஆச்சி திருத்தினார். வெண்கலப் பானை செப்டம்பர் மாதப் படைப்புக்கு வீடு வந்தது. வாங்கிய விலையைப் பெரியவர் கேட்கவில்லை. அவர்களும் விலை என்று பேசவில்லை. மூத்த பங்காளி தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு, பழத்தோடு ஒரு தொகை வைத்து நீட்டினார், இவர் வாங்கிக்கொண்டார். குறைந்த மற்ற மூன்று வரிகளின் சாமான் எங்கே என்று விற்றவரிடம் யாரும் கேட்கவில்லை. அது அந்தப் பங்காளிகளின் பெருந்தன்மை. என் மனதில் அவர்கள் மேல் இருந்த வருத்தம் அன்று குறைந்தது.

விற்றவர் அந்தப் படைப்புக்கு வரவில்லை. அதற்குப் பிறகு பொது இடத்தில் அவரை நான் பார்க்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம் நாலு மாதம் கூடவில்லை. இரண்டு பேர் படத்திலிருந்து விலகினார்கள். படிவத்தில் கையெழுத்திட்டிருந்தாலும் இயக்குநர் மறுபேச்சுப் பேசாமல் அவர்களின் காட்சிகளை எடுத்துவிட்டார். 75 நிமிடமாகத் திட்டமிட்ட படம் 52 நிமிடமாக முடிந்தது. பட்டியல் காட்சி இருந்த இடத்தில், பெரியவர் ஒரு சிலேட்டில் ஒன்று முதல் ஆயிரம் வரையிலான தமிழ் எண்களையும் பின்ன எழுத்துகளையும் எழுதிக் காட்டும் நாலு நிமிடம் வந்தது. பழைய காட்சியைவிட அது நல்ல காட்சி. ஜன்னல் வெளிச்சம் விழுந்த அந்தத் தாள் அழகாக இருந்தது, உண்மைதான். ஆனால் அதில் பெரியவருக்குத் தெரிந்தது என்ன என்று பார்ப்பவருக்குப் புரியாது. சிலேட்டில் புரிகிறது.

2024 பிப்ரவரியில் காரைக்குடியில் ஒரு கல்யாண மண்டபத்தில் முதலில் உள்ளூர்க்காரர்களுக்குத் திரையிட்டோம். பங்காளிகளில் ஆறு பேர் வந்தார்கள். சாவி வைத்திருந்த அம்மாவை நான் நேரில் போய் அழைத்தேன். வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்தார். முடிந்ததும் இயக்குநர் அவரிடம் போய், எங்களால்தான் உங்களுக்கு இந்த அவப்பெயர் வந்தது என்று சொல்லி மன்னிப்புக் கேட்டார். அந்த அம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ என்னம்மா பண்ணுவ" என்றார். பிறகு, "முப்பத்தோரு வருசம் அந்த வீட்ட நான் எண்ணிப் பாத்ததில்ல" என்றார்.

மாற்றிக்கொண்டவை

இயக்குநர் இப்போது தறிக்காரர்களிடையே வேறொரு படம் எடுக்கிறார், நானும் உடன் இருக்கிறேன். படிவம் வாங்குவதில் எதுவும் மாறவில்லை. மாறியிருப்பது அதற்கு முந்தைய பேச்சு. ஒரு பொருள் சட்டகத்துக்குள் வரும்போது, இதை வைத்திருப்பவர் தவிர இது யாருடைய கை வழியாக வந்தது, இதில் எழுதியிருப்பதை இன்று யாரால் வாசிக்க முடியும் என்று இரண்டையும் கேட்டுக்கொள்கிறோம். இரண்டாவது கேள்விக்கு "யாராலும் முடியாது" என்று பதில் வந்தால் அந்த ஊரில் எண்பது வயது தாண்டிய ஒருவரிடம் காட்டிவிட்டுத்தான் நம்புகிறோம்.

முன்னோட்டத்தைப் பொதுவில் விடுவதற்கு முன், படத்தில் இருப்பவர்களோடு படத்தில் இல்லாத அக்கம்பக்கத்தாரில் மூன்று நாலு பேருக்கும் காட்டுகிறோம். இது நேரம் பிடிக்கும் வேலை. ஒரு தடவை இதனால் ஒரு திரைப்பட விழாவுக்கான கடைசித் தேதி தவறிப்போனது. இடைவேளையில் மைக்கைக் கழற்றி மேசையில் வைப்பது இப்போது என் வேலை. கழற்றியதை வாய்விட்டுச் சொல்கிறேன்.

கூட்டத்தின் விதிகளை நாங்கள் படித்த விதத்தையும் மாற்றிக்கொள்ள வேண்டியிருந்தது. ஒரு சிறு கூட்டத்துக்குள் போகிறவருக்கு அதன் வழக்கங்கள் எல்லாம் வினோதமாக, அழகாகத் தெரியும். எங்கள் இயக்குநரின் ஈர்ப்பே அங்கேதான் இருந்தது. ஒரு விதியைக் கண்டதும் இது யாரைக் காப்பாற்றுகிறது என்று கேட்டிருந்தால், செப்டம்பரிலேயே எங்களுக்கு விடை கிடைத்திருக்கும். அந்த எட்டுப் பேரில் யாரைக் கேட்டிருந்தாலும் சொல்லியிருப்பார்கள். கேமரா இல்லாமல் கேட்டிருக்க வேண்டும், அவ்வளவுதான்.

அழிக்கலாம் என்று நான் சொன்னதைப் பற்றி இன்னும் யோசிக்கிறேன். வழக்கறிஞர் சொன்னதுதான் சரி. ஆனால் அந்த ஒலி நீதிமன்றம் போயிருந்தால் என்ற நினைப்பு வரும்போதெல்லாம் மனது பழைய இடத்துக்கே போகிறது.

இப்போதைய நிலை

ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம் மறுபடி கூடுகிறது, ஐந்து பேருடன். ஆச்சி பட்டியலைப் பேரப்பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டி, பக்கங்களைப் படியெடுத்து, ஒரு படியைப் பெரியவருக்கு அனுப்பினார்.

சாவியை அந்த அம்மா திரும்ப வாங்கவில்லை. மூத்த பங்காளி மூன்று தடவை போய்க் கேட்டார், சம்பளத்தைக் கூட்டுவதாகவும் சொன்னார். "வேண்டாங்கய்யா, முடியல" என்பதற்கு மேல் அவர் எதுவும் சொல்லவில்லை. சாவி இப்போது மதுரையில் இருக்கிறது. மாதம் ஒருமுறை ஒருவர் வந்து திறந்து பார்த்துவிட்டுப் போகிறார். 2024 ஐப்பசி மழையில் முற்றத்து வடிகால் அடைத்துக்கொண்டு வளவில் தண்ணீர் நின்றது. அடுத்த மாதம் திறந்தபோது இரண்டு அறைகளின் கதவடி ஊறியிருந்தது. அப்பாவிடம் வேலை படித்த ஒருவரை நான் கூட்டிக்கொண்டு போனேன். ஒரு கதவைக் கழற்றிக் கீழ்ச்சட்டம் மாற்றினால் போதும் என்று அவர் சொன்னார். பங்காளிகள் பதினாலு பேரிடமும் கேட்டுவிட்டுச் சொல்வதாகச் சொல்லியிருக்கிறார்கள்.